ஏழரை மணி அழுகை

கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்க்கும் வேலை அவளுக்கு. கணவன் மாரடைப்பில் போய் ஐந்து மாதமாகியும் ஒரு சொட்டுக் கண்ணீர் வரவில்லை. துக்கம் விசாரிக்க வந்தவர்கள் அவள் முகத்தை ஒரு மாதிரியாகப் பார்த்துவிட்டு, துணைக்கு வந்து தங்கியிருந்த நாத்தனாரைத்தான் கட்டிக்கொண்டார்கள்.

நாத்தனார் அழுததோ ஒரு தொலைக்காட்சித் தொடருக்கு. அதில் அண்ணனாக வந்தவன் செத்துப்போயிருந்தான். தினமும் ஏழரைக்கு உட்கார்ந்து தேம்பித் தேம்பி அழுவாள். எட்டு மணிக்கு மூக்கைச் சிந்திவிட்டு வயிறாரச் சாப்பிடுவாள். படுத்ததும் குறட்டை. சுவரைப் பார்த்துக் கிடக்கும் இவளுக்கு வயிறு எரியும். 'இருபத்திரண்டு வருஷம் குடித்தனம் பண்ணியவள் நான். எனக்கு வராத அழுகை இவளுக்கு எங்கிருந்து கொட்டுகிறது?'

ஒரு நாள் ரிமோட்டின் பேட்டரிகளைக் கழற்றி ஒளித்துவிட்டு, ஒன்றும் தெரியாதவள்போல் உட்கார்ந்தாள்.

நாத்தனார் அமுக்கி அமுக்கிப் பார்த்தாள். "அண்ணி, பேட்டரி எங்க?"

"எனக்கென்ன தெரியும்? ஒரு நாள் பாக்கலன்னா குடியா முழுகிடும்?"

"ஃப்ளைட் கெடைக்காம ரெண்டு நாள் கழிச்சு வந்தேன் அண்ணி. அண்ணன் முகத்தைக்கூடப் பாக்கல. இந்தத் தொடர்ல மூணு வாரமா அடக்கம் பண்ணாம இழுக்குறாங்க. எனக்கு அதான் வேணும்." நாத்தனார் ரிமோட்டைக் கீழே வைத்தாள். "நீங்க கடைசிவரைக்கும் பக்கத்துல இருந்தீங்க. அதை நெனச்சா உங்க மேல எவ்வளவு பொறாமையா இருக்கு தெரியுமா?"

தன்னைப் பார்த்தும் ஒருத்தி பொறாமைப்படுவாளா? பேட்டரிகளை எடுத்து நீட்டினாள். பக்கத்திலேயே உட்கார்ந்தாள்.

விளம்பரம் வந்ததும் நாத்தனார் கேட்டாள்: "அன்னிக்குக் காலைல அண்ணன் என்ன பேசினார்?"

"சட்டைய உள்பக்கம் வெளிய தெரியப் போட்டிருந்தார். சொன்னேன். 'உன்னைத் தவிர யாரு என்னைப் பாக்கப் போறா'ன்னார்."

அடுத்த இடைவேளையில் இன்னும் கொஞ்சம். இப்படியே நான்கு நாள், விளம்பரத்துக்கு விளம்பரம், அந்தக் காலையைச் சொன்னாள். ஆம்புலன்ஸில் அவர் "வீட்டைப் பூட்டினியா?" என்று கேட்டதைச் சொன்னபோது குரல் உடைந்தது. திரையில் சோப்பு விளம்பரம். தொடர் மறுபடி தொடங்கியும் இருவரும் அந்தப் பக்கம் திரும்பவில்லை.

அழுது ஓய்ந்து நிமிர்ந்தபோது அவளுக்கு முகமெல்லாம் வீங்கி, விக்கல் நிற்கவில்லை. நாத்தனாரோ அப்போதுதான் முகம் கழுவியவள்போலப் பளிச்சென்று இருந்தாள்.

"அழுது முடிக்கிறதுலயும் நீதானா முந்திக்கணும்?" என்றாள் எரிச்சலோடு.

நாத்தனார் சிரித்துக்கொண்டே இரண்டு தட்டு எடுத்து வைத்தாள்.