ஜன்னல் கம்பியில் கட்டிய மணி

இன்று மல்லாங்கிணறு பக்கம் ஒரு வீட்டில் சீரியல் ஷூட்டிங். செட் டெகரேட்டர் என்ற முறையில், ஓர் அறையைப் படுத்த படுக்கையாகக் கிடக்கும் பெண்ணின் அறையாக மாற்றிக்கொண்டிருந்தேன்.

ஜன்னலோரம் கட்டில், பக்கத்தில் மருந்து பாட்டில்கள். கதைப்படி அவளுக்குப் பேச்சு வராது. அதனால் ஆள் கூப்பிட, இழுத்து அடிக்கும் கயிறோடு ஒரு சின்ன மணியை ஜன்னல் கம்பியில் நானாகவே கட்டினேன்.

எட்டிப் பார்த்த வீட்டுக்காரர் வாசலிலேயே நின்றுவிட்டார்.

"இத யாரும்மா கட்டச் சொன்னா?"

"யாரும் சொல்லலண்ணே."

"எங்க வீட்டுக்காரிக்குப் பேச்சு நின்னுபோனப்ப நானும் இதே கம்பியிலதான் கட்டிவிட்டேன். அவ போன அன்னைக்கு நான் கெணத்துக்கிட்ட நின்னேன். அவ அடிச்சு எனக்குக் கேக்கலையா, அடிக்கவே இல்லையான்னு மூணு வருசமாத் தெரியல."

உள்ளே வந்து மணியைத் தொட்டுப் பார்த்தார்.

"நான் கெணத்துக்குப் போறேன். ஒருதரம் அடிங்கம்மா."

அவர் கிணற்றடிக்குப் போகும்வரை காத்திருந்தேன். பிறகு கயிற்றை இரண்டு கையாலும் பிடித்து, என் பலம் முழுவதையும் சேர்த்து அடித்தேன்.

திரும்பி வந்தவர் முகம் இளகியிருந்தது.

"நல்லாக் கேக்குதும்மா. அப்ப அவ அடிக்கலதான். என்னையத் தேடாமத்தான் போயிருக்கா."

நான் தலையாட்டினேன்.

படுக்கையில் கிடந்த அவர் மனைவியால் அவ்வளவு பலமாக அடித்திருக்க முடியாது. பஸ்ஸில் வரும் வழியெல்லாம் அவள் விரல்களைத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

இல்லாத வீட்டை இருப்பதுபோல் காட்டத்தான் எனக்குச் சம்பளம். இன்று செய்தது அந்த வேலையில் சேருமா? உங்களுக்குத் தோன்றுவதைச் சொல்லுங்கள்.