தங்கையின் நிக்காஹும் என் வக்காலத்தும்

நோன்பு மாதம் வந்தால் எங்கள் துறையில் என் காப்பிக் கோப்பைக்கு மவுசு கூடிவிடும். ஜெர்மனிக்கு வந்து பதினோரு வருடம் ஆகிறது. பல்கலைக்கழகத்தில் இஸ்லாமியத் தத்துவம் சொல்லிக்கொடுக்கிறேன். காப்பி அறைக்குள் நான் நுழைந்ததும் எல்லார் கண்ணும் என் கைக்குப் போகும். குடித்தால் அவர்களுக்கு நிம்மதி. குடிக்காவிட்டால் கூடுதலாக ஒரு புன்னகை. அந்தப் புன்னகையை நான் நம்புவதில்லை. ஒருமுறை துறைத்தலைவி, இதையெல்லாம் நீங்கள் ஆராய்கிறீர்களா, நம்புகிறீர்களா என்று கேட்டார். இரண்டும் என்றேன். வேடிக்கையாகச் சொல்கிறேன் என்று நினைத்துச் சிரித்தார்.

ஊரிலும் இதே கேள்விதான். எதிர்பார்க்கும் பதில் மட்டும் தலைகீழ். மலையாள மண்ணிலுள்ள சித்தூரில் அத்தாவின் கடைக்குப் பின்னாலிருந்த மதரஸாவில் அரபி கற்று, அங்கேயே கல்லூரியில் தத்துவம் படித்து, உதவித்தொகையில் இங்கே வந்தவன் நான். உலகத்துக்குத் தொடக்கமே கிடையாது என்று வாதாடிய பழைய தத்துவவாதிகளைப் பற்றியது என் முனைவர் பட்ட ஆய்வு. ஒரு கருத்தரங்கில் அவர்கள் சொன்னதை விளக்கிப் பேசினேன், அவ்வளவுதான். அந்தப் பேச்சை யாரோ நான் சொன்னதாகவே மலையாளத்தில் தலைப்புப் போட்டு ஊர் வாட்ஸப்பில் விட்டுவிட்டார்கள். படைத்தவனையே மறுத்தவன் ஆகிவிட்டேன். எனக்கு மூன்று பேர்மேல் சந்தேகம். மூவருக்கும் சலாம் சொல்லிக்கொண்டுதான் இருக்கிறேன்.

போன வருடம் தங்கை ஷமீமாவுக்கு நிக்காஹ். தகப்பனாக நின்று கொடுக்க அத்தா உயிரோடு இல்லை, எனக்கு வேறு சகோதரர்களும் இல்லை. பள்ளிவாசலில் மாப்பிள்ளையின் கையைப் பிடித்து, என் தங்கையை உனக்கு மணமுடித்துத் தந்தேன் என்று அரபியில் சொல்ல வேண்டியவன் நான். "அத்தா எடத்துல நின்னு நீதாண்ணா சொல்லோணும்" என்று போனில் சொல்லிக்கொண்டே இருந்தாள். காலமெல்லாம் அரபி வாசிப்பவன், அந்த ஒரு வாக்கியத்தை விமானத்தில் முணுமுணுத்துக்கொண்டே வந்தேன்.

நிக்காஹுக்கு முதல் நாள், பள்ளிவாசலை நிர்வகிக்கும் மஹல்லு கமிட்டியின் அறைக்குக் கூப்பிட்டார்கள். செயலாளர் பதிவேட்டைப் பார்த்தார், என்னைப் பார்க்கவில்லை. பேசியது வெள்ளிக்கிழமைப் பிரசங்கம் செய்யும் கத்தீப், மதரஸாவில் எனக்கு இரண்டு வகுப்புக் கீழே படித்தவர். பெண்ணை மணமுடித்துத் தரும் உரிமையை அவருக்கு வக்காலத்தாகக் கொடுத்துவிட்டால், எனக்குப் பதிலாக அவரே சொல்லிவிடுவாராம். எங்கள் பக்கம் அரபி வராதவர்கள் அப்படித்தான் கொடுப்பார்கள். எனக்கா வராது? சுர்ரென்று ஏறியது. மார்க்கத்தை விட்டவன் பெண்ணைக் கொடுக்க முடியாது. அதைத்தான் சுற்றி வளைத்துச் சொல்கிறார்கள் என்று புரிந்துகொண்டேன்.

"எம்மேல சந்தேகம்னா, நான் குடுக்கற வக்காலத்தும் செல்லாதுங்களே" என்றேன், வகுப்பில் மாணவனை மடக்குகிற குரலில்.

"அதனாலதானுங்கண்ணா கேக்கறேன்" என்றார் கத்தீப். "நீங்க குடுத்து நான் வாங்கிட்டா, உங்களை ஏத்துக்கிட்டோம்னு ரெஜிஸ்டர்ல ஏறிரும். நாளைக்குச் சபையில எவனும் எந்திரிச்சு உங்களக் கேள்வி கேக்க முடியாதுங்க."

என்னைக் காப்பாற்றுகிறாரா, கழற்றிவிடுகிறாரா? இன்றுவரை விளங்கவில்லை. சபையில் ஒருவன் எழுந்தால் நிக்காஹ் நின்றுவிடும் என்பது மட்டும் விளங்கியது. கொடுத்தேன்.

மறுநாள் முன்வரிசையில் உட்கார்ந்து என் வாக்கியத்தை இன்னொருவர் வாயிலிருந்து கேட்டேன். உச்சரிப்பில் ஒரு குறையும் இல்லை. யாரும் எழுந்திருக்கவில்லை.

வீட்டில் பெண்கள் நடுவே இருந்த ஷமீமாவுக்கு மைக்கில் குரல் கேட்டிருக்கிறது. "ஏண்ணா, நீ சொல்லலையா?" என்றாள். உண்மையைச் சொன்னால் அந்த நாளே அவளுக்குக் கசந்துபோகும். தொண்டை கட்டிக்கொண்டது என்றேன்.

அன்றிலிருந்து வாராவாரம் போனில் முதலில் என் தொண்டையைத்தான் விசாரிக்கிறாள். நம்பிக் கேட்கிறாளா, நம்பாமல் கேட்கிறாளா, தெரியவில்லை. இங்கே இருந்துகொண்டு நான் இருமிக் காட்டுகிறேன்.