பிட்டுக்கு அறுத்த பக்கங்கள்

திருவண்ணாமலையில் மல்லாட்டை மண்டியில் நிலக்கடலை மூட்டை தூக்கிக்கொண்டிருந்தபோது நான் கதை எழுதிக்கொண்டிருந்தேன். எட்டாவதோடு பள்ளிக்கூடம் நின்றுவிட்டது. பிறகு பல ஊர், பல வேலை; எதிலும் ஒட்டவில்லை. கதை மட்டும் கூடவே வந்தது. பத்திரிகைகளுக்கு அனுப்பியதெல்லாம் காரணம் ஒரு வரிகூட இல்லாமல் திரும்பியது. நான் எழுதுவது தேறுமா, விட்டுவிடலாமா என்று யாராவது சொன்னால் போதும் என்றிருந்தது.

பழைய பேப்பர் கடையில் ஒரு கைடு கிடைத்தது. இலக்கியத் திறனாய்வின் வரலாறு, எம்.ஏ. மாணவர்களுக்கான அறிமுகம். அடி அண்ணாமலைப் பக்கம் ஒரு மண்டபத்தில் உட்கார்ந்து படித்தேன். ஒரு காலத்தார் இலக்கணத்துக்குள் அடங்குகிறதா என்று பார்த்தார்களாம். பின்னால் வந்தவர்கள் அது கிடக்கட்டும், படிக்கிறவன் மனசு அசைகிறதா என்றார்களாம். அதற்கும் பின்னால் வந்தவர்கள், எழுதியவன் யார் பக்கம் நிற்கிறான் என்று கேட்டார்களாம். கடைசி அத்தியாயம், ‘புதிய படைப்பை மதிப்பிடுவது எப்படி’. பொருளடக்கத்தில் தலைப்பு இருந்தது. உள்ளே பக்கங்கள் இல்லை. பரீட்சைக்குப் பிட்டு அடிக்க யாரோ பிளேடால் அறுத்திருந்தார்கள்.

கைடை எடைக்குப் போட்டவன் கீழ்பென்னாத்தூர் பஸ்ஸில் கண்டக்டர் என்று கடைக்காரர் சொன்னார். பஸ் ஸ்டாண்டில் அவனைப் பிடித்தேன்.

“அந்தப் பக்கமா? எழுதினு இருக்கும்போதே ஸ்குவாடு வந்துட்டாங்கணா. வாயில போட்டு முழுங்கிட்டேன்.”

“அதுல என்னப்பா போட்டிருந்துது?”

“யாருக்குணா தெரியும்? பாத்து எழுதினதுதானே. பாஸாயிட்டேன்.”

திறனாய்வு படித்து எனக்குத் தெரிந்தவன் அவன் ஒருவன்தான். மஞ்சப்பையிலிருந்த கதைகளை அவனிடம் நீட்டினேன். “நான் எழுதினது. நல்லாருக்குதா, இல்லையான்னு மட்டும் சொல்லு.”

காகிதக் கட்டைக் கையில் தூக்கிப் பார்த்தான். “ரொம்ப ஜாஸ்தியா இருக்குதேணா. முக்கியமானதுக்கு அடியில கோடு போட்டுக் குடுங்க. அத்த மட்டும் படிச்சிட்டுச் சொல்றேன்.”

கட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டு விசில் ஊதினான். பஸ் கிளம்பியது.

அவன் கேலி செய்யவில்லை. அவன் படித்த விதம் அதுதான். மண்டிக்குத் திரும்பி, அடுக்கிய மூட்டைமேல் உட்கார்ந்து, பென்சிலோடு முதல் கதையிலிருந்து ஆரம்பித்தேன். லாரி வருகிறவரை புரட்டினேன். எந்த வரியின் அடியிலும் பென்சிலை வைக்க முடியவில்லை.

“ஏம்பா, கலெக்டர் கையெழுத்து ஆச்சா? வந்து மூட்டையப் புடி” என்று கீழேயிருந்து குரல் வந்தது. இறங்கிப் போனேன். அதோடு எழுதுவதை விட்டேன். கொஞ்ச நாளில் அந்த ஊரையும்.