கூட்டினால் எட்டு

"...அதுனாலதான் சொல்றேன், எட்டுல ஏறிப் போனவ நிம்மதியா எறங்குனதில்ல. நீ வண்டில போ, நான் பஸ்ல வாரேன்."

கவிதாவின் அம்மா இப்படிச் சொன்னபோது நான் சிரித்துவிட்டேன். கவிதா ஒத்தக்கடைப் பக்கம் ஒரு கல்லூரியில் கணக்குப் பாடம் எடுக்கிறவள். அவளுடைய புது ஸ்கூட்டர் நம்பரைக் கூட்டினால் எட்டு வந்துவிட்டது, எங்கள் ஊரில் எட்டு என்றால் ஆகாது. மூட்டுவலியோடு அம்மா பஸ்ஸில் நின்றுகொண்டு போவதை அவளால் பார்க்க முடியவில்லை. அதற்காகவே ஒரு படம் எடுத்தாள். கதை கிடையாது, வசனம் கிடையாது, சாலையில் போகிற வண்டி நம்பர்களும் அவற்றின் கூட்டுத்தொகையும்தான்.

"எட்டும் மத்த நம்பரு மாதிரிதான்னு அம்மா கண்ணால பாக்கட்டும்ணே."

எடுத்ததைக் கோர்த்துத் தரச் சொல்லி, ஆரப்பாளையத்தில் கல்யாண வீடியோ எடிட் பண்ணும் பக்கத்து வீட்டுக்காரனான என்னிடம் வந்தாள். பேய் பிசாசு எதையும் நான் நம்பியவன் இல்லை, 'அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்' என்று ஊருக்கே சொல்லித் திரிந்தவன். நீங்களும் என்னை நம்ப வேண்டாம், கேட்டால் போதும்.

ஏதாவது ஒழுங்கு தெரிகிறதா என்று எட்டு வந்த ஷாட்டுகளை மட்டும் வரிசையாகப் போட்டோம். தெரிந்தது. ஒவ்வொன்றிலும் சாலையோரம் ஒரு பச்சைச் சேலைக்காரி, வண்டியை நிறுத்தச் சொல்லிக் கை நீட்டுகிறாள். திருமங்கலத்தில் எடுத்ததிலும் அவள்தான், ஒத்தக்கடையில் வேறொரு நாள் எடுத்ததிலும் அவள்தான். எட்டு வராத ஷாட் எதிலும் அவள் இல்லை.

"இன்னொருக்கா ஓட்டுங்கண்ணே," என்றாள் கவிதா. பயத்தைவிட, விடை தெரியாத கணக்கு ஒன்று கிடைத்த ஆசைதான் அந்தக் குரலில்.

கடைசி ஷாட்டில் கவிதாவே தன் ஸ்கூட்டரில் போகிறாள். சாலையோரம் யாரும் இல்லை. பச்சைச் சேலை பின்சீட்டில் இருந்தது. அவள் ஓட்டுகிற அந்த ஒரு ஷாட்டுக்கு மட்டும் கேமரா பிடித்தவன் நான். பின்சீட் காலியாகத்தான் இருந்தது, சூடம் அணைத்துச் சத்தியம் செய்வேன்.

அழித்துவிடலாம் என்றேன்.

"பாதிய அழிச்சா அது பொய்க் கணக்குண்ணே," என்று மறுநாள் மத்தியானம் அம்மாவைக் கூட்டிவந்து முழுப் படத்தையும் காட்டினாள்.

அம்மா கடைசி வரை பார்த்தார். முடிந்ததும், "பாவம், அம்புட்டு வண்டி போவுது, ஒருத்தனும் நிறுத்தல," என்றார்.

"பஸ்ஸுக்கு நேரமாச்சாம்மா?" என்று பேச்சை மாற்றினேன்.

"பஸ்ஸு வேணாம்."

எனக்கு இன்றும் உறுத்துவது அடுத்து நடந்ததுதான். கவிதா இன்னும் என் பக்கத்தில் நின்று பையில் சாவியைத் துழாவிக்கொண்டிருந்தாள். வெயிலில் ஸ்கூட்டர் தனியாக நின்றது. அம்மா அதன் அருகே போய், "செத்த தள்ளி உக்காரு தாயி," என்று சொல்லிவிட்டுப் பின்சீட்டில் ஏறி உட்கார்ந்தார்.