காமாலை வராத கட்சிக்காரர்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் ஒரு மடையன். கொங்கு நாட்டில் பாதிப் பேருக்கு மஞ்சள் காமாலை வரவைத்த வக்கீல். மனு தள்ளுபடியானால், அதைத் திரும்ப விசாரணைக்கு எடுக்கக் கேட்கும் அபிடவிட்டில், அதாவது சத்தியப் பிரமாணத்தில், தவறியதற்கு நான் வழக்கமாகப் போடும் காரணம் அதுதான். கம்ப்யூட்டரில் பெயரை மட்டும் மாற்றினால் போதும்.

காங்கேயம் பக்கத்துப் பாப்பாத்தி அம்மாவுக்கும் அதையே அடித்து வைத்தேன்.

அவருடைய வீட்டுக்காரர் பக்கவாதத்தில் படுத்த படுக்கை. ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போகக் கார் வர ஒரே வண்டித் தடம். அதைக் கணவரின் அண்ணன் சென்னியப்பன், அந்த அம்மா சொல்கிற 'மூத்தவரு', கம்பிவேலி போட்டு அடைத்துவிட்டார். வேலியை எடுக்கச் சொல்லி மனுப் போட்டோம். எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் அனுப்பி, அடுத்த வாய்தாவில் ரசீது தாக்கல் செய்ய வேண்டும், தவறினால் தள்ளுபடி என்று உத்தரவு. கவரை ஒட்டி, "போற வழியில போஸ்ட் ஆபீஸ்ல போட்டுருங்க" என்று அந்த அம்மா கையிலேயே கொடுத்தேன். எனக்கு அவ்வளவு சோம்பல். ரசீது வரவில்லை. மனு தள்ளுபடியாகிப் போயிற்று.

"ஏனம்மணி, கவரைப் போட்டீங்களா, இல்லீங்களா?"

"அன்னைக்குத்தானுங்க மூத்தவரு சம்சாரம் தவறிப்போச்சு. எழவு ஊட்டுக்கு நோட்டீஸ் அனுப்பறதுங்களா?"

"அப்புறமாவது போட்டிருக்கலாமுல்ல?"

"கருமாதி முடியற வரைக்கும் அங்கதானுங்க இருந்தேன். வந்த சனத்துக்கு ஆருங்க சோறாக்கறது?"

அபிடவிட்டைப் படித்துக் காட்டினேன். பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

"எனக்குக் காமாலையே வந்ததில்லீங்க."

"எல்லாரும் போடறதுதானுங்கம்மா."

"மூத்தவரு கோர்ட்டுல நிப்பாருங்க. அவரு மூஞ்சிக்கு முன்னால இதை எப்படிங்க?"

முணுமுணுத்துக்கொண்டே நடந்ததை நடந்தபடி அடித்தேன். இந்த முறை நோட்டீஸை நானே போய்ப் போட்டேன்.

விசாரணையன்று எதிர்த்தரப்பு வக்கீல், "எல்லாம் கட்டுக்கதை" என்று ஆரம்பித்தார். நீதிபதி அம்மா, பின்னால் நின்ற சென்னியப்பனை முன்னால் கூப்பிட்டார்.

"உங்க வீட்டுத் துக்கத்துக்கு இவங்க வந்தாங்களா?"

அவருடைய வக்கீல் இருமிப் பார்த்தார். சென்னியப்பன் அந்தப் பக்கம் திரும்பவில்லை.

"வந்தாங்கம்மா. என்ற சம்சாரத்தைக் கடைசியாக் குளிப்பாட்டுனதே அவங்கதானுங்க."

தள்ளுபடி ரத்தாகி, மனு திரும்பக் கோப்புக்கு வந்தது.

நான் எழுதிவைத்த பொய்யில் அந்த அம்மா கையெழுத்துப் போட்டிருந்தால், அதே வாயால் அந்த மனுஷர் உடைத்திருப்பார். தடத்துக்கு இருந்த ஒரே வழியும் போயிருக்கும். இளைய வக்கீல்களே, காரணத்தைக் கட்சிக்காரரிடம் கேளுங்கள், கம்ப்யூட்டரிடம் கேட்காதீர்கள்.

எனக்கு வாய் சும்மா இருக்காது. வராண்டாவில் சென்னியப்பனை மறித்தேன்.

"இத்தனை செஞ்சவங்களுக்கு அந்த வேலியையும் எடுத்துப்போடலாமுல்லீங்க?"

அவர் செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னார்:

"அது வேற, இது வேறங்க."