மூன்றாம் எதிரி ஸ்டெல்லா

ஜெராக்ஸ் மெஷினிலிருந்து வரும் சூடான பேப்பர் வாசனை... திண்டிவனத்தில் நான் ஜூனியர் வக்கீலாகச் சேர்ந்த ஆபீஸ் முழுக்க அதுதான்.

அமலி அங்கே வந்தது ஒரு மே மாதம். கிளியனூர்ப் பெண். திண்டிவனத்திலேயே கட்டிக்கொடுத்திருந்தார்கள். இடது கையில் மாவுக்கட்டு. அப்பா பைக் வாங்கித் தரவில்லை என்று கணவன் ஜெரோம் முறுக்கி ஒடித்த கை.

புகார் மனுவை டைப் செய்தது நான். சீனியர் போனில் சொன்னார்: "வீட்டு ஆளுங்க ஒருத்தர் பேரையும் விடாதம்மா. அப்பத்தான் பயந்துக்கினு பேச வருவாங்க."

குற்றம் சாட்டப்பட்டவர்களை 'எதிரி' என்றுதான் எழுதுவோம். முதல் எதிரி கணவன், இரண்டாம் எதிரி மாமியார்... "வேற யாரும்மா?" என்று அமலியைக் கேட்டேன்.

"நாத்தனா ஸ்டெல்லா, விக்கிரவாண்டில டிபன் கடை வெச்சிருக்காங்க. அவங்க ஒண்ணும் பண்ணலங்க மேடம். இந்தக் கைக்குக் கட்டு போட இட்டுக்கினு போனதே அவங்கதான்."

கேட்டுக்கொண்டேதான் டைப் செய்தேன். 'மூன்றாம் எதிரி ஸ்டெல்லாவும் தூண்டுதலாக இருந்து கொடுமை செய்தார்.'

படித்துக் காட்டும்போது அந்த வரியில் மட்டும் வேகமாகப் போனேன். அமலி கையெழுத்துப் போட்டாள்.

மூன்று வருடம் கேஸ் நடந்தது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஸ்டெல்லா கடையை மூடிவிட்டு பஸ் ஏறி வந்து, தம்பிக்கும் அம்மாவுக்கும் பக்கத்தில் நிற்பார். ஒருநாள் கோர்ட் வராந்தாவில் என்னை நிறுத்தினார்.

"மேடம், நான் இன்னா பண்ணேன்னு அதுல எழுதிக்கீது? கொஞ்சம் சொல்லுங்களேன்."

"உங்க வக்கீலைக் கேளுங்க."

சொல்லிவிட்டேனே தவிர, கால் ஓரிடத்தில் நிற்கவில்லை. தண்ணீர் குடிக்கப் போனேன், வந்தேன், மறுபடி போனேன்...

அமலி சாட்சி சொன்ன அன்று காலை சீனியர் அவளிடம், "ஸ்டெல்லா திட்டினாங்கன்னு மட்டும் சொல்லிடும்மா" என்றார். அவள் தலையாட்டவில்லை.

கூண்டில் ஏறியதும் எதிர்த்தரப்பு வக்கீல் அதைத்தான் கேட்டார். "ஸ்டெல்லா உங்களை என்ன கொடுமை செஞ்சாங்க?"

"ஒண்ணும் பண்ணலங்க. எனக்கு ஒத்தாசையா இருந்தது அவங்க ஒருத்தர்தான்."

"அப்ப புகார்ல எழுதியிருக்கறது பொய்?"

அமலி ஒரு நொடி என்னைப் பார்த்தாள். நான் ஃபைலைப் புரட்டிக்கொண்டிருந்தேன். தேட அதில் எதுவும் இல்லை.

"கையெழுத்து என்துதாங்க" என்றாள். எழுதியது யார் என்று சொல்லவில்லை.

ஸ்டெல்லாவும் மாமியாரும் விடுதலை. ஜெரோமுக்குத் தண்டனை. அப்பீல் விழுப்புரத்துக்குப் போனது. அங்கே அவன் வக்கீல் அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டார். நாத்தனார் விஷயத்தில் பொய் என்றால் கணவன் விஷயத்தில் மட்டும் எப்படி நம்புவது? சந்தேகத்தின் பலனை ஜெரோமுக்குக் கொடுத்து அவனையும் விடுதலை செய்துவிட்டார்கள்.

அடுத்த வாரம் விக்கிரவாண்டி போனேன். ஸ்டெல்லா அடுப்படியில் நின்றிருந்தார்.

"அக்கா, அந்த வரி நான் எழுதினது."

தோசையைத் திருப்பிப் போட்டார். "தெரியும். சாட்சி சொன்ன அன்னிக்கே அமலி எங்கிட்ட சொல்லிட்டா. நீ எப்ப வருவேன்னுதான் பார்த்துக்கினு இருந்தேன்." பிறகு நிமிர்ந்தார். "எனக்கு மூணு வருசம் போச்சு, போவட்டும். அவளுக்கு இன்னா பண்ணப் போற?"



இன்று எனக்கென்று ஓர் ஆபீஸ் இருக்கிறது. ஒவ்வொரு பெயருக்கும் கேட்கிறேன்... எப்போது, எங்கே, என்ன செய்தார்? மேல்கோர்ட்டுகளும் இப்போது இதைத்தான் கேட்கின்றன. "இந்தம்மாகிட்ட பேஜாரு" என்று எழுந்து வேறு ஆபீஸுக்குப் போனவர்களும் உண்டு.

விவாகரத்துக்குப் பிறகு அமலி கிளியனூரில் தனியாக இருக்கிறாள். ஜெரோமுக்கு மறுபடி கல்யாணம் ஆகிவிட்டது என்று போன மாதம் கேள்விப்பட்டேன். பெண் யார், எந்த ஊர், தெரியவில்லை.

ஜூனியராக இருந்தபோது ஆபீஸ் கதவு திறந்தால் புது கேஸ் என்று ஆசையாக நிமிர்வேன். இப்போது கதவு திறக்கும்போதெல்லாம், அது அந்தப் பெண்ணாக இருந்துவிடக் கூடாதே என்றிருக்கிறது...