மெக்சிக்கோக்காரர் தம்பிமுத்து

துப்பாக்கி வெடித்ததும் தம்பிமுத்தரின் வலது கை தொப்பிக்குப் போய்விடும். அதைத் தலையோடு அழுத்திப் பிடித்துக்கொண்டுதான் மல்லாக்க விழுவார். "தொப்பி ஊத்தையானா உடுப்புக்காரப் பொம்பிளை ஏசும்" என்பார். இயக்குநரோ அது மெக்சிக்கோ நாட்டு வழக்கம் என்று நினைத்து, சாகிற மற்றவர்களையும் அப்படியே விழச் சொல்லிவிட்டார்.

மட்டக்களப்பிலிருந்து அகதியாக வந்தவர். கனடாவில், மொன்ட்ரியாலின் கோட்-டெ-நெய்ஜ் பகுதியில் ஆஸ்பத்திரித் தரை துடைப்பதுதான் வேலை. ஒருநாள் மெட்ரோ வாசலில் அவருடைய மீசையை ஒரு சினிமாக்காரன் கண்டுகொண்டான். அந்நாளில் அங்கே மெக்சிக்கோக்காரர் அகப்படுவது அருமை. முதலில் படத்தில் மெக்சிக்கோக் கொள்ளைக்காரன், பிறகு தொலைக்காட்சித் தொடர்களில் தோட்டக்காரன், பாதிரியார். வேடம் எதுவானாலும் சாவு நிச்சயம். கலைவாழ்வில் அவர் கண்ட பெரிய முன்னேற்றம், குதிரையிலிருந்து விழுந்து செத்தது. அவரோடு ஒரே அறையில் இருந்த நாங்கள் எல்லாரும் தொலைக்காட்சி முன் கூடுவோம்; தேத்தண்ணி ஊற்றி முடிப்பதற்குள் ஆள் முடிந்துவிடுவார்.

"மெக்சிக்கோ எந்தப் பக்கம் அண்ணை?"

"வெயில் அடிக்கிற பக்கமாத்தான் இருக்கும். மறுகா பாப்பம்" என்று பிறகுக்குத் தள்ளிவிடுவார்.

எண்பத்தேழாம் ஆண்டு மாசியில் அவருடைய அகதி விசாரணை வந்தது. அது சரிவந்தால்தான் ஊரில் இருக்கும் மனைவி சீதேவியையும் மகளையும் கூப்பிடலாம். எங்களுக்கு ஒரே பயம். அதிகாரி தொலைக்காட்சி பார்க்கிறவராக இருந்து, நடிகன் இங்கேயும் நடிக்க வந்திருக்கிறான் என்று எழுதிவிட்டால்?

"எதுக்கும் கொஞ்சம் அழுங்கோ அண்ணை" என்றார் அறைத் தோழர் அருளம்பலம்.

"அழ எனக்கு வராது. சாகச் சொன்னாச் சாவன்."

மொழிபெயர்க்க நான் போனேன். காது குளிருது என்று கம்பளித் தொப்பியோடே உட்கார்ந்திருந்தார் மனிதர். தன் தம்பியை ஆமிக்காரர் சுட்ட காலையை, கடைக்குப் போய்வந்த கதை மாதிரிச் சொல்லி முடித்தார். அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார்.

"அப்போது நீங்கள் எங்கே இருந்தீர்கள்?"

"அவனுக்குப் பக்கத்தில. ரெண்டு பேரையும் றோட்டில படுக்க வச்சவங்கள்."

"எப்படி?"

தம்பிமுத்தர் எழுந்து நாற்காலியைத் தள்ளிவைத்தார். கம்பளத்தில் குப்புறப் படுத்து, கைகளைப் பிடரியில் கோத்துக்கொண்டார். தொப்பி கழன்று அதிகாரியின் சப்பாத்தடியில் கிடந்தது.

"போதும், எழும்பச் சொல்லுங்கள்" என்றார் அதிகாரி. சொன்னேன். திரும்பவும் சொன்னேன். தொப்பியை எடுக்கத் தம்பிமுத்தரின் கை பிடரியை விட்டுப் போகவில்லை.